தலைவரின் கட்டைவிரல்

வீப்கே படம் எடுப்பதோடு நிறுத்துபவள் அல்ல. எடுத்த பிலிமைக் கொண்டுபோய் மண்ணில் புதைப்பாள். மண் தின்றது போக மிச்சம்தான் படம். கண்ணில் பட்டதையெல்லாம் நிஜமென்று நம்புகிறவர்களுக்கு அது ஒரு குட்டு என்பது அவள் கட்சி. பத்து வருஷம் கெஞ்சியதில் ஜெர்மனியின் பிரேமன் நகரத்துக் குறும்பட விழாவொன்று ஒருவழியாக அவளுக்கு ஏழு நிமிஷம் ஒதுக்கியிருந்தது.

விழாவன்று காலை பிலிமைத் தோண்டியெடுக்கத் தன் வாடகைத் தோட்டத்துக்குப் போனாள். முள்ளங்கிப் பாத்தி ஏற்கெனவே தோண்டிக் கிடந்தது. தோட்டச் சங்கத் தலைவர் டீட்மார் துணிக்கொடியில் பிலிமைக் காயப்போட்டுக்கொண்டிருந்தார்.

"தலைவரே! என்ன பண்ணி வெச்சிருக்கீங்க?"

"தோட்டத்துல குப்பை புதைக்கக் கூடாதுன்னு விதி இருக்கா இல்லையா? பாவம், பிலிமாச்சேன்னு வெந்நீர்ல சலவைச் சோடா போட்டு விரலாலயே தேய்ச்சுக் கழுவினேன். அப்பப்பா, என்ன அழுக்கு!"

"அந்த அழுக்குதான்யா படம்!"

"அப்போ நல்லாவே கழுவிட்டேன்."

அழ நேரமில்லை. "என்ன கொலை பண்ணியிருக்கீங்கன்னு நீங்களே வந்து பாருங்க" என்று அவரையும் இழுத்துக்கொண்டு அரங்கத்துக்குப் போனாள்.

திரையில் வெறும் வெள்ளை. அப்புறம் வீட்டளவு பெரிதாக, வளைவு வளைவாகக் கோடுகள்.

"உழுத வயல்" என்று முன்வரிசைப் பெண் முணுமுணுத்தாள்.

"சும்மா இரு. மூளைக்குள்ள போயிருக்காங்க" என்றார் பக்கத்திலிருந்தவர்.

வீப்கேவுக்கு உயிர் திரும்பியது. நம்புகிறார்கள்! அப்போது பார்த்துத் தலைவர் எழுந்தார்.

"அது என் கட்டைவிரலுங்க."

"உங்களுதுதான்னு எப்படி அவ்வளவு நிச்சயமா சொல்றீங்க?" என்று கேட்டார் ஒரு தாடிக்காரர்.

"குறுக்கே வெட்டு தெரியுதில்ல? வேலி வெட்டுற கத்திரி பட்டது." அவர் விரலைத் தூக்கிக் காட்ட, அதன் நிழல் திரையில் ரேகைமேல் விழுந்தது. கைதட்டல் கூரையைப் பிய்த்தது.

விளக்கு போட்டதும் மைக் நேராக அவரிடம் போனது. "அடுத்த படம் எப்போ, ஐயா?"

வீப்கே பாய்ந்தாள். "படம் என்னுது! அதுல இருந்தது என் முகம்!"

"முகமா? நாங்க பாக்கலையே."

"இருந்துச்சுங்க" என்றார் தலைவர் மைக்கில். "கழுவும்போது ஒரு மூக்கு வந்துச்சு. மண்ணுன்னு நெனச்சு அழுத்தித் தேய்ச்சுட்டேன்."

அரங்கமே சிரித்து உருண்டது. அதற்குப் பிறகு கேள்விகளெல்லாம் மூக்குக்காரியிடம்தான் வந்தன. மைக்கை மட்டும் தலைவர் விடவில்லை. அது அவர் கையிலேயே இருக்க, அவள் குனிந்து குனிந்து பதில் சொன்னாள்.