எட்டாம் எண் வில்லை

எனக்கு மூக்குக்கு மேல் கோபம் வரும் என்று எல்லோரும் சொல்வார்கள். சொல்லட்டும். பஞ்சாலை வாசலில் பத்தொன்பது வருடம் டைம் கீப்பராக உட்கார்ந்தவளுக்குக் கோபம் வராமல் வேறென்ன வரும்? வாசலில் ஒரு பலகை, அதில் வரிசையாக ஆணிகள். வேலைக்கு வருகிறவர்கள் அவரவர் டோக்கனை அவரவர் ஆணியில் மாட்டிவிட்டு உள்ளே போக வேண்டும். ஒருத்தர் டோக்கனை இன்னொருத்தர் மாட்டினால் இரண்டு பேருக்குமே அன்றைக்கு வேலை கிடையாது. ஒருமுறை ஒரு பிள்ளைத்தாய்ச்சிப் பெண் படியில் மூச்சு வாங்கிக்கொண்டு நின்றாள். அவளுடைய டோக்கனையும் சேர்த்து அவள் சிநேகிதி மாட்டிவிட்டாள். இரண்டு பேரையும் வீட்டுக்குத் திருப்பி அனுப்பினேன். கையெடுத்துக் கும்பிட்டார்கள், நான் அசையவில்லை. இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இல்லாவிட்டால் தீவில் நான் செய்தது எவ்வளவு பெரிய அசிங்கம் என்று உங்களுக்குப் புரியாது.

தீவைச் சுற்றிக் காட்டும் ஒரு நாள் பயணத்துக்கு என் கொழுந்தன் தனக்கும் தன் மனைவிக்குமாக இடம் பிடித்து வைத்திருந்தான். கடைசி நேரத்தில் அவனுக்கு லீவு கிடைக்கவில்லை. அவனுக்குப் பதில் என்னைப் போகச் சொன்னான்.

"அவளைத் தனியா அனுப்பினா தீவையே தொலைச்சிட்டு வந்துடுவா அண்ணி. உங்களை நம்பித்தான் அனுப்பறேன்."

எல்லோரும் சிரித்தோம். சின்னவளும் சிரித்தாள். அவள் என் ஓரகத்தி. எங்கள் வீட்டில் நான் பெரியவள், அவள் சின்னவள். அவள் கல்யாணமாகி வந்த முதல் வாரமே அவளுக்கு 'நத்தை' என்று பெயர் வைத்தது நான்தான். இருபத்திரண்டு வருடமாக அந்தப் பெயர் ஓடிக்கொண்டிருக்கிறது. வீட்டில் கத்தரிக்கோலைக் காணவில்லை என்றாலும் அவள் தலைதான் உருளும். அவள் உண்மையில் தொலைத்தது ஒரு குடையும் ஒரு கம்மல் திருகாணியும்தான். அதைக்கூட அந்தத் தீவிலிருந்து வந்த பிறகுதான் யோசித்துப் பார்த்தேன்.

படகில் போய் இறங்கியதும் ஒரு வேன் காத்திருந்தது. வழிகாட்டி ஒரு சின்னப் பெண், இருபத்தைந்து வயதுகூட இருக்காது. ஆரஞ்சுத் தொப்பி, கையில் ஒலிபெருக்கி, ஓயாத சிரிப்பு. வேனின் கதவோரம் ஒரு பலகையைக் காட்டினாள். பதினெட்டு ஆணி, எண் போட்ட பதினெட்டுப் பித்தளை வில்லை. எனக்கு மனசெல்லாம் குளிர்ந்துவிட்டது, சொந்தக்காரர் வீட்டுக்கு வந்தது மாதிரி. ஒவ்வோர் இடத்திலும் இறங்கும்போது நம் வில்லையை எடுத்துக்கொண்டு போக வேண்டும். திரும்பி ஏறும்போது மாட்ட வேண்டும். பலகை நிறைந்தால் வேன் கிளம்பும். எனக்கு ஏழு, சின்னவளுக்கு எட்டு.

முதலில் ஒரு பழைய கோட்டை வாசல். அங்கே குழாயடியில் கை கழுவும்போது சின்னவள் வில்லையைத் திட்டில் வைத்துவிட்டு மறந்து வந்துவிட்டாள். தேடி எடுக்கப் பத்து நிமிடம். வேனில் கறுப்புக் கண்ணாடி போட்ட ஒருவர் கடிகாரத்தைப் பார்த்து "ச்சு" கொட்டினார். எனக்கு மானம் போயிற்று. அவள் கையிலிருந்து வில்லையைப் பிடுங்கி என் கைப்பையில் போட்டேன். கையோடு கையாக அவள் போனையும் வாங்கி உள்ளே போட்டேன். வழிகாட்டிப் பெண் அதைப் பார்த்துவிட்டு, அவரவர் எண்ணை அவரவரே வைத்துக்கொள்ள வேண்டும் என்று பணிவாகத்தான் சொன்னாள்.

"இதெல்லாம் எனக்கு நீ சொல்லணுமாம்மா? நான் இதே வேலையில பழம் தின்னு கொட்டை போட்டவ."

அவள் சிரித்தாள். எனக்கு அந்தச் சிரிப்பு பெருமையாக இருந்தது.

அடுத்து ஒரு அருங்காட்சியகம். பழைய மணிகள், மரக்கலங்களின் சுக்கான்கள், ஆளுயர முரசு ஒன்று. அந்த முரசுக்குப் பக்கத்தில் சின்னவள் நின்றுவிட்டாள். மூடுபனி நாளில் படகுகளுக்குக் கரை எங்கே இருக்கிறது என்று தெரிய அதை அடிப்பார்களாம். அடிக்கிறவர் தூங்கிப்போனால் என்ன ஆகும் என்று அவள் கேட்டாள். இதுவரை இதை ஒருவரும் கேட்டதில்லை என்று வழிகாட்டி மகிழ்ந்துபோய்ப் பதில் சொல்ல ஆரம்பித்தாள். நான் சின்னவளின் முழங்கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு வந்துவிட்டேன். வேனில் ஏறியதும் ஒரு பாட்டம் திட்டினேன். ஊர் பார்க்க வந்தியா, ஊரைக் காக்க வைக்க வந்தியா என்று நாலு பேர் காதில் விழும்படி கேட்டேன். அவள் கடைசி வரிசையில் போய் உட்கார்ந்துகொண்டாள். நான் கதவோரம் முதல் இருக்கையில் இருந்தேன், திரும்பிப் பார்க்கவில்லை.

மூன்றாவது இடம்தான் கலங்கரை விளக்கம். கரையிலிருந்து கொஞ்ச தூரத்தில் கடலுக்குள் ஒரு பாறை. அதன் மேல் வெள்ளை விளக்குத் தூண், கீழே ஒரு பெஞ்சு. பாறைக்கும் கரைக்கும் நடுவில் கல் பாவிய ஒற்றைப் பாதை. நாலு மணிக்கு மேல் தண்ணீர் ஏறி அந்தப் பாதை மூடிவிடும், மூன்றரைக்கெல்லாம் எல்லோரும் வேனில் இருக்க வேண்டும் என்று வழிகாட்டி மூன்று முறை சொன்னாள். நாங்களும் போனோம். பெஞ்சில் உட்கார்ந்து தூணில் பொறித்திருந்ததைப் படித்தேன். காற்று அருமையாக இருந்தது. திரும்பி நடக்கையில் பாதி வழியில் சின்னவள் நின்றாள்.

"அக்கா, நீங்க போங்க. இதோ ஒரு நிமிஷத்துல வந்துடறேன்."

எதற்கு என்று நான் கேட்கவில்லை. கேட்டிருந்தால் ஒன்றும் ஆகியிருக்காது. "உன் ஒரு நிமிஷம் எனக்குத் தெரியாதா" என்று முணுமுணுத்துக்கொண்டு நடந்தேன். வேனில் ஏறினேன். கைப்பையில் கை விட்டேன். இரண்டு வில்லையும் சேர்ந்து வந்தன. ஏழை மாட்டினேன். எட்டைக் கையில் வைத்துக்கொண்டு ஒரு நொடி நின்றேன். அவள் வருவதற்குள் மறுபடி அந்தக் கறுப்புக் கண்ணாடி "ச்சு" கொட்டுவார், அவள் வந்த பிறகு நான் மறுபடி எழுந்து மாட்ட வேண்டும். முழங்கால் வேறு வலித்தது. எப்படியும் வரத்தானே போகிறாள். எட்டையும் மாட்டிவிட்டு, கண்ணை மூடிக்கொண்டேன்.

வேன் கிளம்பியபோது எனக்கு அரைத் தூக்கம். பின்னால் அவள் இருக்கிறாள் என்றுதான் நினைத்தேன், அல்லது நினைத்துக்கொள்ள விரும்பினேன்.

அரை மணி நேரம் கழித்து, ஒரு மலை முகட்டில் கடைசி இடத்துக்காக எல்லோரும் இறங்கினார்கள். பலகையில் எட்டாம் வில்லை மட்டும் அப்படியே தொங்கியது. வழிகாட்டி கடைசி வரிசையைப் பார்த்தாள், இருக்கைக்கு அடியில் பார்த்தாள். அவள் முகத்தில் ரத்தமே இல்லை. பயணிகள் பட்டியலில் இருந்த சின்னவளின் போன் எண்ணுக்குத் தன் போனிலிருந்து கூப்பிட்டாள். மணி என் கைப்பைக்குள் அடித்தது. சுற்றி நின்ற பதினாறு பேரும் என் மடியைப் பார்த்தார்கள். அது அடித்துக்கொண்டே இருந்தது, எனக்கு அதை நிறுத்தக்கூடக் கை வரவில்லை.

வேனைத் திருப்பினார்கள். வழியெல்லாம் கறுப்புக் கண்ணாடிக்காரர் அந்தப் பெண்ணைக் கரித்துக் கொட்டினார். ஆளை எண்ணத் தெரியாதவளுக்கு எதற்கு இந்த வேலை என்றார். அவள் பலகை நிறைந்திருந்ததே, நிறைந்திருந்ததே என்று தனக்குள்ளேயே சொல்லிக்கொண்டிருந்தாள். நான் வாயைத் திறந்திருக்க வேண்டும். வில்லையை மாட்டியது நான் என்று ஒரு வரி. பத்தொன்பது வருடம் அடுத்தவர் குற்றத்தை ஆலை மைக்கில் கூப்பிட்டுச் சொன்ன வாய் இது, அன்றைக்குப் பூட்டிக்கொண்டது. சின்னவளுக்கு நீச்சல் தெரியாது. அந்தப் பயத்துக்கு நடுவிலும், யாருக்கும் தெரிய வேண்டாம் என்ற நினைப்பு ஒரு ஓரத்தில் உட்கார்ந்திருந்ததை நான் மறைக்க மாட்டேன்.

நாலு மணி தாண்டிவிட்டது. பாதையைக் காணோம், தண்ணீர்தான். அந்தப் பக்கம் விளக்குத் தூணின் படியில் சின்னவள் நின்றுகொண்டிருந்தாள். எங்களைக் கண்டதும் கையை ஆட்டினாள். டிரைவர் வேனிலிருந்து கயிற்றை எடுத்து வந்தார். கரையில் ஒரு முனையை அவர் பிடித்துக்கொள்ள, மறு முனையை இடுப்பில் கட்டிக்கொண்டு இறங்கியது அந்த வழிகாட்டிப் பெண்தான். தண்ணீர் முழங்காலுக்கு வந்தது, தொடைக்கு வந்தது. அலை ஒன்று தள்ளியதில் ஒருமுறை சாய்ந்தாள். தொப்பி போய்விட்டது. சின்னவளின் கையைப் பிடித்து ஒவ்வோர் அடியாகக் கூட்டிவந்தாள். நான் கரையில் மரம் மாதிரி நின்றேன்.

கரையேறியதும் சின்னவள் நேரே என்னிடம் வந்தாள். ஈரக் கையில் என் மூக்குக் கண்ணாடிக் கூடு. பெஞ்சில் நான் விட்டுவிட்டு வந்தது.

"காத்துல பாறை இடுக்குல விழுந்துடுச்சுக்கா. எடுக்கக் கொஞ்ச நேரமாயிடுச்சு."

அதை வாங்கிக்கொண்டேன். வேறென்ன செய்ய, நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போல இருந்தது.

வழிகாட்டியின் முதலாளிக்கு யாரோ அதற்குள் சொல்லிவிட்டிருந்தார்கள். போன் வந்தது. இடுப்பு வரை சொட்டச் சொட்ட நின்றுகொண்டு அந்தப் பெண் பேசினாள். "என் தப்புதான் சார். நான் தலையை எண்ணியிருக்கணும் சார்." அவர் கத்தியது எங்களுக்கே கேட்டது. நாளையிலிருந்து வர வேண்டாம் என்றார். அவள் சரி என்று தலையாட்டினாள், அவர் எதிரில் நின்று பார்ப்பது மாதிரி.

அப்போதும் நான் பேசவில்லை. சின்னவள்தான் யாரோ கொடுத்த துண்டைப் போர்த்திக்கொண்டு முன்னால் போனாள்.

"சார்கிட்ட சொல்லும்மா. நான்தான் வேன்ல ஏறி வில்லையை மாட்டினேன். அப்புறம் கண்ணாடி ஞாபகம் வந்து, யார்கிட்டயும் சொல்லாம இறங்கிப் போயிட்டேன். உன் மேல ஒரு தப்பும் இல்ல."

கறுப்புக் கண்ணாடிக்காரர் தலையில் அடித்துக்கொண்டார். இப்படியும் மனுஷங்க இருப்பாங்களா என்று அவளைப் பார்த்துக் கேட்டார். அவள் தலையைக் குனிந்துகொண்டாள். அதைக் கேட்ட முதலாளி போனிலேயே, அப்படியானால் அதை எழுதி வாங்கு, கூட வந்தவரிடம் சாட்சிக் கையெழுத்தும் வாங்கு என்றார். வழிகாட்டி நனையாத ஒரு தாளைத் தேடி எடுத்து எழுதினாள். சின்னவள் கையெழுத்துப் போட்டாள். தாள் என்னிடம் வந்தது. எழுத்து தெரியவில்லை. கூட்டைத் திறந்து, அவள் கொண்டுவந்து கொடுத்த கண்ணாடியையே போட்டுக்கொண்டு, சாட்சி என்ற இடத்தில் கையெழுத்துப் போட்டேன். போட்டேன், கை நடுங்காமல் போட்டேன்.

திரும்பும் படகில் அவள் பக்கத்தில் உட்கார்ந்தேன். ஏன் அப்படிச் சொன்னாய் என்று கேட்டேன்.

"எட்டாம் நம்பர் உங்க பையிலதானேக்கா இருந்துச்சு. நீங்க சொல்வீங்கன்னு கொஞ்ச நேரம் பார்த்தேன்." கோபமே இல்லாமல் சொன்னாள். "அந்தப் பொண்ணுக்கு வேலை போயிடும். என்னை எல்லாரும் சொல்றதுதானே. இன்னொண்ணு கூடினா என்ன."

அவள் கத்தியிருந்தால் நான் பதிலுக்குக் கத்தியிருப்பேன், எனக்கு அது தெரியும். பூமி பிளந்து விழுங்காதா என்று சொல்வார்களே, படகில் அதற்கும் வழியில்லை. கரை தெரிய ஆரம்பித்தபோது ஒன்று முடிவு செய்தேன். இறங்கியதும் கொழுந்தனிடம் சொல்லிவிட வேண்டும். அவள் முன்னாலேயே சொல்ல வேண்டும்.

அவன் படகுத்துறையில் நின்றிருந்தான். இடம் பிடித்தவன் என்பதால் வழிகாட்டியின் முதலாளி அவனுக்கும் போன் பண்ணியிருக்கிறார். மனைவி ஈரப் புடவையோடு இறங்குவதைப் பார்த்ததும் முதலில் அவள் தோளைத் தொட்டுப் பார்த்தான். ஒன்றும் இல்லை என்று தெரிந்ததும் சிரிப்பு வந்துவிட்டது.

"நான் அன்னைக்கே சொன்னேனா இல்லையா அண்ணி? நீங்க கூட இருந்ததால தப்பிச்சா."

"இல்ல தம்பி," என்றேன். "வில்லையை மாட்டினது நான். அவளோடதையும் சேர்த்து நான்தான் மாட்டினேன். அவ போனதே என் கண்ணாடியை எடுக்கத்தான். தாள்ல எழுதினது பொய். நானும் அதுல கையெழுத்துப் போட்டேன்."

அவன் என்னையே பார்த்தான். பிறகு அவன் கண் கலங்கியது.

"எதுக்கு அண்ணி அவ பழியை நீங்க இழுத்துப் போட்டுக்கறீங்க? உங்களைப் பத்தி எனக்குத் தெரியாதா? டோக்கன் விஷயத்துல நீங்க தப்புப் பண்ணுவீங்களா?" சின்னவள் பக்கம் திரும்பினான். "பாத்தியாடி, அண்ணிக்கு எவ்வளவு பெரிய மனசு."

இல்லை தம்பி, நிஜமாகத்தான் சொல்கிறேன் என்று மறுபடி சொன்னேன். சத்தியம் பண்ணினேன். அவன் என் பையை வாங்கிக்கொண்டு, நீங்க அலைஞ்சிருக்கீங்க, வாங்க என்று முன்னால் நடந்தான். சின்னவள் அவனிடம் ஒன்றும் சொல்லவில்லை. அவள் சொன்னாலும் அவன் நம்பியிருக்க மாட்டான். இருபத்திரண்டு வருடமாக அதற்கு ஏற்பாடு செய்து வைத்தவள் நான்.

"என் போன் அந்தப் பையிலதான் இருக்குக்கா," என்றாள் சின்னவள்.

நான் ஓடிப்போய் அவனை நிறுத்தி, பையைத் திறந்து, போனை எடுத்துவந்து அவள் கையில் கொடுத்தேன். அவள் வாங்கி ஈர முந்தானையில் துடைத்து, இடுப்பில் செருகிக்கொண்டு நடந்தாள். நான் அவளுக்குப் பின்னால் நடந்தேன்.