வாரியத்து வக்கீலுக்குப் படகு

வெளித்தீவு வழங்கல் வாரியம் என்று சொன்னாலே புவாலா கரையில் படகுக்காரர்கள் காறித் துப்புவார்கள். ரோடா துப்பவில்லை, வழக்குப் போட்டாள். வாரியத்துக்காகப் பள்ளிப் புத்தகமும் மருந்துப் பெட்டியும் தன் படகில் ஊர் ஊராகக் கொண்டுபோய் இறக்கியவள் அவள். அனுப்பிய பில்களுக்கு ஒரு டாலர்கூட வரவில்லை. கோர்ட்டுக்கும் வாரியம் வரவில்லை. கப்பலில் வரும் மாஜிஸ்திரேட், "எதிர்த்தரப்பு வரட்டும்" என்று தள்ளிவைத்துவிட்டு அடுத்த தீவுக்குப் போய்விடுவார்.

இந்த முறை தலைநகர் ஹோனியாராவிலிருந்து வாரியத்தின் வக்கீல் வந்தேவிட்டார். ஆனால் விமானம் இறங்கும் ஃபேரா தீவிலேயே மாட்டிக்கொண்டார். வாரியத்து ஆள் என்றதும் ஒரு படகும் அவரை ஏற்றவில்லை.

"கெடக்கட்டும். இளநி குடிச்சிட்டு அங்கயே ஒக்காரட்டும்," என்றான் கணவன் பார்னபாஸ்.

"அவன் வரலன்னா மறுபடியும் தள்ளிவெப்பாங்க. பெட்ரோல் கேனை எடு," என்றாள் ரோடா.

வக்கீல் ஹென்ஸ்லி சின்ன வயசுக்காரர். வெள்ளைச் சட்டையோடு படகில் ஏறி, ஃபைலை நெஞ்சோடு அணைத்துக்கொண்டார்.

"ரொம்ப நன்றி ஆன்ட்டி. போர்டு கணக்குல எழுதிக்குங்க."

"எழுதிக்கிறேன். என்ன கேஸு?"

"ஒரு பொம்பள, போர்டுக்குப் படகு ஓட்டினேன்னு பணம் கேக்குறா. அவ ஓட்டவே இல்லன்னு நான் பேசணும்."

"ஓட்டலையா?"

"ஆர்டர்ல கையெழுத்து இல்ல ஆன்ட்டி. கையெழுத்து இல்லன்னா, சட்டப்படி ஓட்டல."

பவளப்பாறை ஓரம் ஓர் அலை எழும்பி வந்தது. ரோடா ஒதுங்கிப் போயிருக்கலாம். போகவில்லை.

கோர்ட்டில் குமாஸ்தா ரோடாவின் பெயரைக் கூப்பிட்டார். எழுந்து நின்றவளைப் பார்த்ததும் ஹென்ஸ்லியின் முகம் செத்துப்போனது. ஆனாலும் வந்த வேலையைச் செய்தார். கையெழுத்துப் போட்ட ஆர்டர் இல்லாமல், புத்தியுள்ள எந்தப் படகுக்காரரும் வாரியத்துக்காகப் படகை எடுக்கமாட்டார் என்று வாதாடினார்.

மாஜிஸ்திரேட் அவருடைய நனைந்த சட்டையைப் பார்த்தார்.

"நீங்க எதுல வந்தீங்க?"

"படகுலங்க."

"யார் படகு?"

ஹென்ஸ்லி ரோடா இருந்த பக்கம் மெல்லக் கையைக் காட்டினார்.

"ஆர்டர் குடுத்தீங்களா?"

பின்வரிசையில் யாரோ தொடையைத் தட்டிச் சிரித்தார்கள். கேட்ட தொகை முழுவதையும் கொடுக்கச் சொல்லித் தீர்ப்பானது.

மாலை விமானத்துக்குப் போக ஹென்ஸ்லி படகுத்துறையில் நின்றார். ரோடாவைக் கண்டதும் தயங்கினார்.

"ஆன்ட்டி, ஃபேரா வரைக்கும்..."

"போர்டு கணக்கா?"

அவர் பர்ஸை எடுத்தார். வந்ததற்கும் போவதற்கும் சேர்த்து எண்ணி வாங்கிக்கொண்டு ரசீது எழுதிக் கொடுத்தாள். ஃபேராவுக்குப் போகும்போது அலைகளுக்கு ஒதுங்கியே ஓட்டினாள்.

தீர்ப்பு வந்ததால் பணமும் வந்துவிட்டது என்று ஊரில் நினைத்தார்கள். ஹோனியாராவுக்கு அவள் மூன்று தடவை கப்பலேறிய பிறகு பாதிப் பணம் வந்தது. மீதி "பரிசீலனையில் உள்ளது" என்றார்கள். அந்தப் பாதியில் ஒரு பங்கைக் கப்பல் டிக்கெட்டே தின்றுவிட்டது. பார்னபாஸ் அதைக் குத்திக்காட்டவில்லை, பெருமூச்சோடு நிறுத்திக்கொண்டான்.

மழைக்காலம் முடியும் சமயம் ஹென்ஸ்லி போன் செய்தார். வாரியம் அவருடைய வக்கீல் ஃபீஸையும் தரவில்லையாம். அவரும் வழக்குப் போட்டுவிட்டாராம்.

"நான் புவாலாவுக்கு வரவே இல்லன்னு அவங்க புது வக்கீல் சொல்றான் ஆன்ட்டி. நீங்கதான் என்னைக் கூட்டிட்டு வந்தீங்கன்னு கோர்ட்ல வந்து சொல்லணும்."

ரோடாவுக்கு அவர்மேல் இரக்கம் வந்தது. மூன்று கப்பல் டிக்கெட்டும் ஞாபகம் வந்தது.

"வந்து சொல்றேன் தம்பி. கப்பல் காச மட்டும் முன்கூட்டியே அனுப்பிவிடு."