மூன்று நாள் வீடு

சனிக்கிழமை மதியம் கீத் அந்த இசைத்தட்டைக் கோட்டுக்குள் மறைத்து, மழை படாமல் கொண்டுவந்தான். அவனும் அக்கா வெண்டியும் வாசிக்கும் இசைக்குழுவுக்கு எட்டு வருஷ உழைப்பில் வந்த முதல் ஆல்பம். அதைக் கொண்டுவந்தவன் தலைகால் புரியாமல் குதித்திருக்க வேண்டும். அவனோ வாசலிலேயே நின்றுகொண்டு, "போட்டுக் கேளு, எனக்கு வேற வேலை இருக்கு" என்றான். வெண்டி தம்பியின் காலரைப் பிடித்து உள்ளே இழுத்தாள்.

"உக்காருடா. உனக்காகத்தான் அப்பா சாப்பிடாம இருக்காரு. மீனும் சிப்ஸும் ஆறிப்போச்சு."

அட்டையில் அவர்கள் வீட்டுப் பின்முற்றத்தின் துணிக்கொடி. கறுப்பு வெள்ளைப் படம். கொடியில் ஒரு துணிகூட இல்லை, நாலைந்து கவ்விகள் மட்டும். மேலே சின்ன எழுத்தில் 'மூன்று நாள் வீடு.' அந்தப் பெயரை வைத்தது வெண்டிதான். அவர்களுடைய துறைமுக ஊரான கிரிம்ஸ்பியில் மீன்பிடிக் கப்பல்காரர்களின் வாழ்க்கை அப்படித்தான் ஓடியது: மூன்று வாரம் கடலில், மூன்று நாள் வீட்டில். ஆள் கிளம்புகிற நாளில் அந்த வீட்டில் துணி துவைக்க மாட்டார்கள். துவைத்தால் தண்ணீர் அவனையும் அடித்துக்கொண்டு போய்விடும் என்று பயம். வாசலில் நின்று கையசைக்கவும் மாட்டார்கள். அப்பா வால்டர் கப்பலை விட்டுப் பதினேழு வருஷம் ஆகிறது. துறைமுகமே பாதி செத்துப்போயிற்று. ஆனாலும் அந்தக் கட்டுப்பாட்டை அவர் விடவில்லை. பிள்ளைகள் வேனில் ஏறி வெளியூருக்கு வாசிக்கப் போகிற நாட்களுக்கும் அதையே நீட்டித்துவிட்டார். ஒருமுறை கிளம்பும் காலையில் பேஸ் கிடார் வாசிக்கும் டெரெக் சட்டையில் குழம்பைக் கொட்டிக்கொண்டான். அப்பா அதை அலச விடவில்லை. லீட்ஸ் மேடையில் கறையோடுதான் நின்றான்.

அப்பாவுக்கு இரண்டு காதும் போய்விட்டன. இருபத்தாறு வருஷம் எஞ்சின் அறையில் இருந்தவருக்கு வேறென்ன மிஞ்சும்? முகத்துக்கு முகம் நின்று பேசினால் உதட்டைப் பார்த்துப் புரிந்துகொள்வார். ஆனால் அவருடைய உள்ளங்கைக்கு நல்ல காது. எஞ்சினில் எந்த இடத்தில் கோளாறு என்பதை இரும்பின் மேல் கை வைத்தே சொல்லிவிடுவாராம். வெண்டி மாடி அறையில் ட்ரம்ஸ் அடித்துப் பழகிய காலமெல்லாம் அவர் கீழே சுவரோரம் நாற்காலி போட்டு, சுவரில் கையை வைத்தபடி உட்கார்ந்திருப்பார். இறங்கி வந்ததும், "வலது கால் இன்னிக்கு சோம்பேறியா இருக்கே" என்பார். சரியாகத்தான் இருக்கும்.

இப்போதும் நாற்காலியை ஸ்பீக்கரை ஒட்டி இழுத்துப் போட்டு, அதன் பக்கவாட்டில் வலது கையை வைத்துக்கொண்டார். வெண்டி ஊசியை இறக்கினாள்.

முதலில் குச்சிகள் நாலு தட்டுத் தட்டின. அவளுடைய குச்சிகள்தாம். ஒன்றில் நுனி பிளந்திருந்தது, அந்தச் சத்தத்தை அவள் எங்கே கேட்டாலும் அடையாளம் காண்பாள். ஐந்தாவது அடியில் பாட்டு ஆரம்பித்தது. அதை அடித்தது அவள் இல்லை.

ஏதோ தப்பாகக் கேட்கிறோம் என்றுதான் முதலில் நினைத்தாள். அவள் அடியில் ஒரு நொண்டல் உண்டு. முதன்முதலில் பழகியது சுருள்வில் போன பெடலில் என்பதால், இரண்டாவது அடி எப்போதும் மயிரிழை தாமதித்து வரும். மாடிப்படி ஏறி வருகிறவன் நடுவில் மூச்சு வாங்குவது போல இருக்கும். இவர்களுடைய பாட்டுகளே அந்த நொண்டலின் மேல்தான் கட்டப்பட்டிருந்தன. தட்டில் அது இல்லை. யாரோ கச்சிதமாக, ஆணி அடித்த மாதிரி அடித்துக்கொண்டு போனான். ஆரம்பத்து நாலு குச்சித் தட்டலை வெட்டி எறிய மட்டும் மறந்துவிட்டார்கள்.

அவள் கீத்தைப் பார்த்தாள். அவன் கம்பளத்தைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

இரண்டாவது பாட்டு பாதியில் அப்பா ஸ்பீக்கரிலிருந்து கையை எடுத்தார். எடுத்த கையை ஒருமுறை திருப்பிப் பார்த்துவிட்டு மடியில் வைத்துக்கொண்டார். "நல்லா இருக்கு" என்றார், ஜன்னல் பக்கம் பார்த்தபடி.

வெண்டி தம்பியைச் சமையலறைக்குள் தள்ளிக்கொண்டு போய்க் கதவைச் சாத்தினாள். காது கேட்காத அப்பாவுக்கு எதற்குக் கதவு என்று அப்போது தோன்றவில்லை.

"யாருடா அது?"

"வெண்டி..."

"அடிக்கறது யாருன்னு கேட்டேன்."

கீத் வினிகர் பாட்டிலின் மூடியைத் திறந்தான், மூடினான். "லண்டன்ல அந்தத் தயாரிப்பாளர்தான் சொன்னாரு. நீ ஊருக்குத் திரும்பின மறுநாளே. பாட்டெல்லாம் இழுக்குது, இப்படியே விட்டா ரேடியோவுல எவனும் போட மாட்டான்னு. யாரோ ஒருத்தனக் கூப்பிட்டாரு. வந்தான், ஒன்றரை நாள்ல பத்துப் பாட்டையும் முடிச்சான், ஒரு சாண்ட்விச்சத் தின்னான், போயிட்டான்."

ட்ரம்ஸைத்தான் முதலில் பதிவு செய்வார்கள். மற்றதெல்லாம் அதன் மேல் ஏற்ற வேண்டியது. ஆகவே ட்ரம்ஸ்காரிதான் முதலில் வீடு திரும்புவாள். நாலு நாளில் தன் வேலையை முடித்துவிட்டு, பசங்களுக்குக் கன்னத்தில் ஆளுக்கொரு முத்தம் கொடுத்துவிட்டு, ரயிலேறி வந்து மீன் ஆலையில் ராத்திரி முறைக்குப் போனவள் அவள். அந்த ரயிலில் எவ்வளவு சந்தோஷமாக இருந்தோம் என்று நினைத்தபோது வெட்கமாக இருந்தது.

"அவன் பேரு என்ன?"

"கேக்கல."

"நீ அங்கதான இருந்த?"

"இருந்தேன்."

"வேணாம்னு ஒரு வார்த்த சொன்னியா?"

கீத் பாட்டிலைக் கீழே வைத்தான். "அட்டையில உன் பேருதான் போட்டிருக்கு, பாரு" என்றான், ஏதோ பெரிய உபகாரம் செய்துவிட்டவன் மாதிரி. அவளை அதிகம் சுட்டது அதுதான்.

"திங்கக்கிழம பத்து மணிக்கு வேன். ஊர் ஊரா மேடையில உக்காரப் போறது நீதான். எவனுக்கும் தெரியாது, வெண்டி."

"எனக்குத் தெரியுமேடா."

"அப்பாகிட்ட மட்டும் சொல்லிடாத" என்றான் கீத். அவனை அறைய வேண்டும் போலவும் இருந்தது, பாவமாகவும் இருந்தது.

ஞாயிற்றுக்கிழமை முழுவதும் அவள் மாடியில் ஹெட்ஃபோனை மாட்டிக்கொண்டு, தட்டைப் போட்டு, அந்தப் பெயர் தெரியாதவனோடு சேர்ந்து அடித்தாள். மேடையில் தட்டில் இருப்பதைத்தானே எதிர்பார்ப்பார்கள்? சாயங்காலத்துக்குள் ஆறு பாட்டு பிடிபட்டுவிட்டது. நொண்டலை அடக்குவது நினைத்த அளவுக்குக் கஷ்டமாக இல்லை. அவன் நன்றாகவே அடித்திருந்தான். மோசமாக அடித்திருந்தால் திட்டித் தீர்த்திருக்கலாம். அதற்கும் வழியில்லை. நாற்பது ஊர், நாற்பது மேடை. ஒவ்வொன்றிலும் இவனைக் காப்பியடிக்க வேண்டும். முடிந்ததும் யாராவது வந்து, ஆல்பத்தில் கேட்ட மாதிரியே இருந்தது என்று கையைக் குலுக்குவார்கள். போகாவிட்டால்? மீன் ஆலையில் வேலையை விட்டாயிற்று. வயது இருபத்தேழு. குழுவில் இருக்கும் இந்த நாலு பேரைத் தவிர அவளுக்கு வேறு சிநேகிதமும் கிடையாது.

இறங்கி வந்தபோது சுவரோரம் நாற்காலி இல்லை. அப்பா அதை ஜன்னலுக்கு நகர்த்தியிருந்தார்.

அவள் அவர் எதிரில் போய் நின்றாள். "ரெக்கார்டு நல்லா வந்திருக்குல்லப்பா?"

அவர் அவள் உதட்டைப் பார்த்தார். பிறகு கண்ணைப் பார்த்தார். "நல்லா ஓடுது. புது எஞ்சின் மாதிரி."

"அப்புறம் ஏன் சுவரோரம் உக்காரல?"

"ஒண்ணுமில்ல. புது எஞ்சின் வச்ச கப்பல்ல ரெண்டு தடவ போனேன். ரெண்டு தடவையும் எனக்குத் தூக்கமே வரல." டீயை ஒரு வாய் குடித்தார். "கை வலிக்குதா?"

"இல்லப்பா."

"சரி" என்றார்.

திங்கட்கிழமை காலை அவள் எழுந்து வந்தபோது ஒன்பது தாண்டியிருந்தது. முந்தின நாள் கட்டி, படிக்கட்டுக்குக் கீழே வைத்திருந்த பை வாய் திறந்து கிடந்தது. மேடைக்கென்று வைத்திருந்த நாலு கறுப்புச் சட்டைகளைக் காணோம். சமையலறையில் தண்ணீர்ச் சத்தம் கேட்டது.

அப்பா முழங்கைக்கு மேல் சட்டையைச் சுருட்டிவிட்டு, தொட்டியில் குனிந்து துவைத்துக்கொண்டிருந்தார். அம்மா இருந்த காலத்தில், கிளம்பும் நாளில் ஒரு கைக்குட்டை ஈரமாகிவிட்டால்கூட வீடு அல்லோலகல்லோலப்படும். அந்த வீட்டில், அந்த மனிதர். பின்னாலிருந்து கூப்பிட்டால் கேட்காது. வெண்டி சுற்றிக்கொண்டு போய் அவர் முகத்துக்கு எதிரில் நின்றாள்.

"அப்பா! என்ன பண்றீங்க? இன்னிக்கு வேன் வருது."

"வரட்டும்."

"இன்னிக்குத் துவைக்கக் கூடாதுப்பா!"

"போறவங்க துணியத்தான் துவைக்கக் கூடாது." சட்டையை முறுக்கிப் பிழிந்தார். பழைய பலம் இன்னும் அந்தக் கைகளில் இருந்தது. "அந்தத் தட்டுல இருக்கானே, அவன் போறதுன்னா போகட்டும். அவன் துணி எதுவும் இங்க இல்ல."

அவள் வாயைத் திறந்தாள். அழுகைதான் வந்தது. அவர் அதைப் பார்க்காதவர் போல, பிழிந்த சட்டைகளில் மூன்றைத் தோளில் போட்டுக்கொண்டு முற்றத்துக்குப் போனார். நாலாவதை அவள் கையில் கொடுத்துவிட்டுத்தான் போனார். கூடவே, அவள் அதை என்ன செய்ய வேண்டும் என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை.

மழை விட்டிருந்தது. தெருவில் வேன் இரண்டு முறை ஹார்ன் அடித்தது. அப்பாவுக்குக் கேட்டிருக்காது. கவ்விகளை ஒவ்வொன்றாக எடுத்து, அவசரமில்லாமல், முதல் சட்டையை மாட்டினார், இரண்டாவதை மாட்டினார். மூன்றாவதை மாட்டும்போது பின்வாசல் கதவு திறந்தது.

"வெண்டி, நேரமாச்சு, என்ன..." என்று ஆரம்பித்த கீத் கொடியைப் பார்த்தான். கதவில் வைத்த கையை எடுக்காமல் அப்படியே நின்றுவிட்டான்.

கொடியில் இன்னும் ஒரு சட்டைக்கு இடம் இருந்தது. வெண்டியின் கையில் நாலாவது சட்டை கனமாகத் தொங்கியது. அதிலிருந்து தண்ணீர் அவள் வெறும் பாதத்தில் சொட்டியது. ஒரு சொட்டு. மயிரிழை தாமதித்து, இன்னொன்று.