கணக்குப்பிள்ளை பேசிய நாள்

நொய்டா ஸ்டூடியோக்களில் பிராங்ளினுக்கு இருந்த பெயர் 'ட்ரே வாலா'. ஹிந்தி சீரியல் மாளிகையில் மாமியாரும் மருமகளும் முறைத்துக்கொள்ளும்போது பின்னால் ஒருவன் டீத் தட்டோடு நிற்பானே, அவன்தான். அவ்வப்போது பிணமாகவும் படுத்திருக்கிறான். பிணம் மூச்சு விடுகிறது என்று ஒருமுறை திட்டு வாங்கியதைத் தவிர, அவன் நடிப்புக்கு வேறு விமர்சனம் வந்ததில்லை.

இப்பேர்ப்பட்ட மகா நடிகனுக்கு வாழ்க்கைப்பட்டதை நினைத்து இன்பராணி தலையில் அடித்துக்கொள்ளாத நாளில்லை. அவள் சாயர்புரத்திலிருந்து டெல்லிக்கு வேலைக்கு வந்த நர்ஸ். அவன் அங்கேயே லக்ஷ்மிபாய் நகர் குவார்ட்டர்ஸில் பிறந்து வளர்ந்தவன். ஹிந்தி சுத்த டெல்லிக்காரனுடையது, தமிழ்தான் தடுக்கும்.

அவளுடைய அக்காள் கணவர் சுவிசேஷமுத்து, சபைக் கமிட்டியில் பெரிய ஆள். ஒரு பள்ளிக்கூட ஆபீஸில் பிராங்ளினுக்கு வேலை பேசி வைத்திருந்தார். ஆராதனை முடிந்து வெளியே வந்ததும் ஆரம்பித்துவிடுவார். "தட்டத் தூக்குததெல்லாம் ஒரு நடிப்பாவே?" இன்பராணியும் அந்தக் கட்சிதான், போன மாதம் வரைக்கும்.

போன மாதம் தட்டு கீழே இறங்கியது. மாளிகையின் மதராஸி கணக்குப்பிள்ளை வேஷம். மூத்த மருமகளின் திருட்டை எல்லார் முன்னாலும் போட்டு உடைக்க முழுசாக ஒரு வசனம். பிராங்ளின் சமையலறை வாசலில் நின்று அதைப் பேசிப் பார்த்தான். சப்பாத்தி தேய்த்துக்கொண்டிருந்த இன்பராணியின் கை நின்றுவிட்டது. அந்த ஹிந்தியில் பாதி அவளுக்குப் புரியவில்லை. குரல் புரிந்தது. இந்த மனுஷனுக்குள் இப்படி ஒருத்தன் இருந்தானா! உடனே அத்தானுக்குப் போன் போட்டாள்.

"இந்த எபிசோடு வரட்டும் அத்தான். வீட்டுக்கு வந்து கேளுங்க. அதுக்கப்புறமும் ஆபீஸ் வேலதான்னா, நானே அவுகளக் கையப் பிடிச்சுக் கூட்டிட்டு வாரேன்."

சுவிசேஷமுத்து வந்தார். சோபாவின் நடுவில் உட்கார்ந்து முறுக்கை நொறுக்கினார். டிவியில் வேட்டியும் நெற்றி நிறைய விபூதியுமாகக் கணக்குப்பிள்ளை வந்ததும், "சபை மெம்பருக்கு விபூதியா?" என்று உறுமினார்.

"பேசாமக் கேளுங்க அத்தான்."

கணக்குப்பிள்ளை வாயைத் திறந்தார். வந்தது வேறு எவனுடைய குரலோ. "அய்யய்யோ ஜீ! ஹம் சப் தேக்கா ஜீ!" என்று, எல்லாம் பார்த்தேன் என்பதையே உடைந்த ஹிந்தியில், கீச்சுக் குரலில் இழுத்து இழுத்து, வார்த்தைக்கு வார்த்தை ஒரு அய்யய்யோ. திருட்டைப் பற்றி யாருக்கும் கவலையில்லை, மாளிகையே சிரித்தது. மதராஸி இவ்வளவு நன்றாக ஹிந்தி பேசினால் எவன் நம்புவான் என்று ஏசி அறையில் உட்கார்ந்து எந்த மேதையோ முடிவு செய்து, வேறு ஆளை வைத்து டப்பிங் போட்டுவிட்டான். மெட்ராஸை ரயில் மாறும்போது மட்டுமே பார்த்திருந்த பிராங்ளின், திரையில் தன் வாய் அசைவதைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

சுவிசேஷமுத்துவுக்குச் சிரித்துச் சிரித்துக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. "சகல, தத்ரூபம்வே! அசல் நம்ம ஆளு பேசுத மாதிரியே இருக்கு!" அவர் பேசும் ஹிந்தியும் அதே லட்சணம்தான் என்பதை அவருக்கு யார் போய்ச் சொல்வது?

அப்போது பிராங்ளினின் போன் அடித்தது. சீரியல் மேனேஜர் அக்ஷய். வாங்கிக் கட்டிக்கொள்ளட்டும் என்று இன்பராணி காத்திருந்தாள். அந்த டெல்லி ஹிந்தியில் புருஷன் இப்போது மேனேஜரைக் கிழிகிழி என்று கிழிக்கப்போகிறான். பிராங்ளின் எழுந்து நின்றுகொண்டு கேட்டான். பிறகு குரலைக் கீச்சாக்கிச் சொன்னான்.

"அய்யய்யோ ஜீ! கல் பக்கா ஆத்தா ஜீ!" நாளைக்குக் கட்டாயம் வருகிறானாம்.

போனை வைத்தவன் முகமெல்லாம் பல். "இன்பா, ஹிட் ஆயிடுச்சு! இனிமே டெய்லி சீன். டப்பிங் கிடையாது, நானே அதே மாதிரி பேசணுமாம்!"

அவளுக்கு வெறுத்துப்போயிற்று. சுவிசேஷமுத்துவோ ஆபீஸ் வேலையைப் பற்றி மூச்சு விடவில்லை. சபை குரூப்பில் போட சகலையோடு ஒரு செல்பி எடுத்துக்கொண்டு கிளம்பினார்.

அவர் போனதும் பிராங்ளின் அதே சமையலறை வாசலில் வந்து நின்றான்.

"இன்பா, அந்த டோன் எனக்குச் சரியா வரல. நீ வார்டுல ஹிந்தி பேசுவியே, அதை ஜரா பேசிக் காட்டேன். உன்னோடதுதான் அசல்."

இன்பராணி டம்ளர் கழுவிக்கொண்டிருந்தாள். திரும்பாமல், ஊசி போடும்போது தினமும் சொல்வதையே சொன்னாள். "டரோ மத் பையா, தோடாதான் தர்த் ஹோகா." பயப்படாதே, கொஞ்சம்தான் வலிக்கும்.

"வாஹ்!" என்று பிராங்ளின் அதைத் திருப்பிச் சொன்னான், முன்னால் ஒரு அய்யய்யோ சேர்த்து.

"இதக் கேட்டு இதுவரைக்கும் ஒரு பேஷண்டும் சிரிச்சதில்ல" என்றாள். அவன் அதற்குள் கண்ணாடி முன்னால் போய் நின்று, மறுபடியும் சொல்லிப் பார்த்துக்கொண்டிருந்தான்.