இருபத்தேழாம் வரிசை, நடு இருக்கை

...அதுவும் விமான நிலையத்தில், பையை அந்த அளவு பார்க்கும் இரும்புக் கூண்டுக்குள் இறக்கிக் காட்டச் சொன்னபோது, கூண்டின் மேல் முத்திரை இருக்கிறதா என்றுதான் அவர் கண் முதலில் தேடியது, இல்லை, எந்த அதிகாரியும் சரிபார்த்துக் குத்திய முத்திரை இல்லை, முப்பத்து நான்கு ஆண்டுகள் எடையளவு ஆய்வாளராக இருந்து, தராசுத் தட்டின் அடியில் காந்தம் ஒட்டிய பழக்கடைக்காரர்களைக் கையும் களவுமாகப் பிடித்தவரிடமே முத்திரையில்லாக் கூண்டைக் காட்டி, இதில் அடங்காவிட்டால் கட்டணம் என்கிறார்கள்... அடங்கிவிட்டது, அடங்காமல் எங்கே போகும், வீட்டிலேயே நாடாவால் மும்முறை அளந்து, மிஞ்சிய இரண்டு சட்டைகளையும் கோட்டையும் உடம்பின் மேலேயே ஏற்றிக்கொண்டல்லவா வந்தார், அதன் பலனாக இப்போது இருபத்தேழாம் வரிசையின் நடு இருக்கையில், வேகவைத்த கிழங்காக ஆவி விட்டுக்கொண்டிருக்கிறார். ஜன்னலோரத்து மல்லன் ஏறியதும் உறங்கிவிட்டான், நடைபாதையோரத்துப் பெண் காதை அடைத்துக்கொண்டு உலகத்தைத் துறந்துவிட்டாள். பயணச்சீட்டு என்னவோ மலிவுதான், தூண்டில் புழுவும் மீனுக்கு இலவசந்தானே... பைக்கு ஒரு விலை, தண்ணீருக்கு ஒரு விலை, முந்தி ஏறுவதற்கு ஒரு விலை, காலை நீட்டுவதற்கு ஒரு விலை, கால் என்னுடையது, நீட்டுவது மட்டும் அவர்களுடையதா? இவற்றுக்கெல்லாம் சிகரம், ஒரே முன்பதிவில், ஒரே முகவரியில் இருக்கும் கணவனையும் மனைவியையும் இருபத்து மூன்று வரிசைக்கு அப்பாலும் இப்பாலும் பிரித்துப் போட்டு, சேர்த்து வைக்கக் காசு கேட்பது! இதை எந்தச் சட்டத்தின் எந்தப் பிரிவில் எழுதுவது? எழுதவில்லை, ஆனால் கணினியில் வந்த பதினொரு கட்டங்களிலும் ‘வேண்டாம்’ என்று அழுத்தினார், பதினொன்றாவதைச் சற்றுப் பலமாகவே அழுத்தினார்.

மனைவி ஒரு வார்த்தை முணுமுணுக்கவில்லை, அதுதான் ஆச்சரியம். விமானத்தில் ஏறும் வாசலில் பிரியும்போது, “உங்க கொள்கை உங்களோட இருபத்தேழுல உட்காரட்டுங்க, நான் நாலுக்குப் போறேன்” என்றவள், திரும்பியும் பாராமல் நடந்தாள், அதை அவர் பொறுமை என்று எடுத்துக்கொண்டார்... பொறுமைசாலிதான், ஆனால் அவளுக்குக்கூடத் தெரியாத ஒன்று இருக்கிறது, விமானம் தரையை விடும் அந்தக் கணத்தில் அவர் வயிறு அறுந்த தராசுத் தட்டாக விழும், இதுவரை பறந்த நான்கு முறையும், பெல்ட்டைச் சரிபார்க்கும் சாக்கில் அவள் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டு, சக்கரம் மடங்கும் ஓசை கேட்ட பிறகே விட்டார். இன்றைக்கு யாருடைய பெல்ட்டைச் சரிபார்ப்பது, மல்லனுடையதையா? காலடியில் ஏதோ உறுமத் தொடங்கிவிட்டது, கதவு இன்னும் மூடவில்லை, கொள்கையா வயிறா, கொள்கையா வயிறா... வயிறுதான். தலைக்கு மேலிருந்த பொத்தானை அழுத்தினார், அழுத்திய பிறகுதான் இதற்கும் கட்டணம் உண்டோ என்று திகைத்தார்.

பணிப்பெண் வந்தாள், கையில் பலகைபோல் ஒரு திரை.

“என் மனைவி நாலாம் வரிசையில இருக்காங்கம்மா. நாங்க ஒண்ணா உட்காரணும். என்ன கட்டணமோ... வாங்கிக்குங்க.” கடைசி இரு சொற்கள் பல்லைப் பிடுங்கியதுபோல் வந்தன.

அவள் திரையைத் தேய்த்தாள், மறுபடியும் தேய்த்தாள். “மேடம் இருக்கறது பணம் கட்டி எடுத்த சீட்டு சார். அதை மாத்த முடியாது.”

“முன்பதிவு செஞ்சது நான். எல்லாத்துக்கும் வேண்டாம்னு போட்டிருக்கேன்.”

“மூணு நாளைக்கு முன்னாடி அவங்களே எடுத்திருக்காங்க சார்.”

மூன்று நாளைக்கு முன்... அன்று மாலை, முன்பதிவு எண் என்ன என்று அவள் கேட்டாள், மகளுக்குச் சொல்லத்தான் போலும் என்று, இவரே நிறுத்தி நிதானமாக, ஓர் எழுத்தும் பிசகாமல், இருமுறை படித்துக் காட்டினார். சரி, போகட்டும், ஜன்னல் பார்க்க ஆசைப்பட்டிருப்பாள், சொன்னால் கத்துவார் என்று ஒளித்திருப்பாள், அவ்வளவுதானே... “அவங்க பக்கத்து சீட்டு காலியா இருக்கா? இருந்தா அதைக் கொடுங்க.”

பணிப்பெண் குரலைத் தாழ்த்திக்கொண்டாள். “அதையும் அவங்கதான் எடுத்திருக்காங்க சார். யாரும் உட்காரக் கூடாதுன்னு.”

அதற்குமா ஒரு விலை வைத்திருக்கிறார்கள்? அதுவாகவே வாய் கேட்டுவிட்டது, ஆய்வாளரின் பழைய குரலில், என்ன விலை என்று. அவள் சொன்னாள். அவருடைய பயணச்சீட்டைவிடக் கூடுதல்... ஆக, அவர் இருப்பதற்கு ஆகும் செலவைவிட, அவர் இல்லாமலிருப்பதற்கு ஆகும் செலவு அதிகம், அதையும் அவள் பேரம் பேசாமல் கொடுத்திருக்கிறாள். பணிப்பெண் போய்விட்டாள், கதவு மூடியது, விமானம் நகர்ந்தது, கோபம் வரவேண்டும், வரும், கொஞ்சம் பொறுத்து வரும்... தலைகளுக்கு மேலாக எட்டிப் பார்த்தார். நான்காம் வரிசையில் இரண்டு கைகள் உயர்ந்தன, அவளுடையவைதாம், அந்தக் கண்ணாடி வளையல் அவளுடையதுதான், இரண்டும் விரிந்து, நெளிந்து, ஆற அமரச் சோம்பல் முறித்து, ஒன்று அந்தக் காலியிடத்தின் மேல் தொப்பென்று விழுந்தது. கல்யாணமான இந்த முப்பத்தொரு ஆண்டுகளில் அவள் இப்படி இரு கையையும் விரித்துச் சோம்பல் முறித்து அவர் பார்த்திருக்கிறாரா? வீட்டில் அதற்கு இடம் இல்லையா என்ன, கூடம் பதினாறு அடி, அளந்ததே இவர்தானே... வீடுகள் தீப்பெட்டிகளாகச் சிறுத்துக் கீழே கிடந்தபோதுதான், தரையை எப்போதோ விட்டாயிற்று என்பதே அவருக்கு உறைத்தது. வயிறு விழுந்ததா? கவனிக்கவில்லை. திரும்பி வருகிற பயணத்துக்கும் அந்த இருக்கையை எடுத்திருக்கிறாளா என்று கேட்காமல் விட்டுவிட்டோமே என்று கை மறுபடியும் பொத்தானை நோக்கி உயர்ந்தது, பாதியில், ஏனோ, நின்றது...