வீழக் கற்பித்த மனை

குன்றொன்றின் தோளில் படிப்படியாய் அமர்ந்திருந்த அவ்வூரின்மேல் இளங்காலைக் கதிர் சாய்ந்து விழ, ஓட்டுக் கூரைகளெல்லாம் புதிதாய்த் துலக்கிய செப்புக்கலங்கள்போல் சிவந்து ஒளிர்ந்தன. அக்கூரைகளுக்கும் மேலே, காற்றாடை பூண்ட தொழிலாளர் வானில் நீந்திச் சென்றனர். மடல் கொணரும் மகளிர் தோட்பையோடு கொக்கின் வரிசையெனப் பறக்க, கொத்தர் சாந்துச் சட்டியைச் சாயாது ஏந்தி மாட உச்சிகளை நாடினர். கற்றறிந்தீர், அந்நாட்டில் பறத்தல் வியப்பன்று, பிழைப்பு. நுண்ணிழையால் நெய்த அவ்வாடை எவரையும் மேலே தூக்கும்; அதை ஆளும் திறனைப் பயில்மனைகளே கற்பித்தன. அம்மனைகளுக்கு உரிமம் தந்து, ஆண்டுதோறும் அறிக்கை பெற்று, நெறி தவறியவற்றின் கதவை அடைத்து இலச்சினையிடும் பொறுப்பு ஊர் நடுவே நின்ற மேற்பார்வை மன்றத்தினுடையது.

அம்மன்றத்தின் ஆய்வாளர் நாற்பதைக் கடந்த ஒரு பெண்மணி. எதையும் கண்ணருகே கொண்டு நோக்கும் இயல்பினால், உடன் பணியாற்றுவோர் அவருக்கு 'உருப்பெருக்கி' என்று பெயரிட்டிருந்தனர். ஒன்பது பறத்தற் பயில்மனைகளின் அறிக்கைகளையும் புரட்டிக்கொண்டிருந்தவர், ஏரிக்கரை மனையின் தாளில் விரலை நிறுத்தினார். ஏனைய எட்டும் முறிந்த கால், பிறழ்ந்த தோள், இறந்தோர் இருவர் எனத் தலைகுனிந்து ஒப்பியிருக்க, இது மட்டும் 'ஊறுற்றோர்: எவருமிலர்' என்றது. முந்தைய ஆண்டின் தாளும் அவ்வாறே. அதற்கு முந்தையதும் அவ்வாறே. பதினோராண்டுகளாய் அதே விடை.

மன்றத் தலைவர் சிரித்தார். "ஒரு குறையும் இல்லாத இடத்துல என்னத்தைம்மா நோண்டப் போற? அடிபட்ட எட்டைப் போய்ப் பாரு."

"அதாங்க ஐயா இடிக்குது. பறக்கக் கத்துக்கறவங்க பதினோரு வருஷமா ஒரு சுளுக்குகூட இல்லாம எப்படி இருப்பாங்க?"

"சரி, போய்ட்டு வா. போகலைன்னா உனக்குத் தூக்கம் வராது."

ஏரிக்கரை மனை உயர்ந்த கூரையுடைய ஒற்றைக் கூடமாய் இருந்தது. தரை முழுதும் முழங்காலளவு மரத்தூள். சுவரோரமாய் முக்காலி, ஏணி, பரண் என ஒன்றைவிட ஒன்று உயர்ந்த மேடைகள். கொத்தர் ஒருவரும், பழம் பறிப்போர் இருவரும், பருத்த மேனியளான மடல் கொணர்வாள் ஒருத்தியும் ஒருவர்பின் ஒருவராய் ஏறி, விழுந்து, உருண்டு, எழுந்து, உடலில் ஒட்டிய தூளைத் தட்டிவிட்டு மீண்டும் ஏறினர். எவர்மேலும் காற்றாடை இல்லை. உச்சிப்பொழுதுவரை காத்திருந்தும் ஒருவரும் பறந்திலர்.

நரைத்த கூந்தலில் மரத்தூள் படிந்திருந்த மனைத்தலைவியை அணுகி, "இவங்க எப்ப பறப்பாங்க?" என்றார் ஆய்வாளர்.

"இங்க யாரும் பறக்க மாட்டாங்கம்மா. விழ மட்டுந்தான் கத்துக்கறாங்க. அப்புறம் வேற மனைக்குப் போய்ப் பறக்கப் படிப்பாங்க."

"வாசல்ல 'பறத்தற் பயில்மனை'ன்னு பலகை தொங்குதே?"

"விழச் சொல்லித் தர உரிமம் வேணும்னு உங்க மன்றத்துல கேட்டேன். சிரிச்சு அனுப்பிட்டாங்க. அதான் பறக்கச் சொல்லித் தரேன்னு சொல்லி வாங்கிட்டேன்." அவள் குரல் தாழ்ந்தது. "எந்தம்பி அவ்வளவு அழகாப் பறப்பான். ஏறத்தான் அவனுக்குச் சொல்லிக் குடுத்தாங்க. ஒரு நாள் நடுவானத்துல காத்து நின்னுபோச்சு. அவனுக்கு விழத் தெரியல."

உரிமத்தில் குறித்த கலையைக் கற்பிக்காத மனையை அக்கணமே அடைக்க வேண்டும் என்பது சட்டம். அடைக்கும் இலச்சினையோ ஆய்வாளரின் பையிலேயே இருந்தது. பைவாயில் வைத்த கையை அவர் மெல்ல மீட்டு, மிதியடிகளைக் கழற்றினார்.

"நான் ஒரு தடவை விழுந்து பாக்கலாமா?"

முதல் வீழ்ச்சியில் மரக்கட்டைபோல் விறைத்து விழுந்து நாவைக் கடித்துக்கொண்டார். "உடம்பை இறுக்காதீங்க. தரையோட சண்டைக்குப் போகாதீங்க" என்றாள் தலைவி. ஐந்தாம் முறை, தோள் தந்து, முதுகு வளைத்து, அலை கரையில் சுருண்டு அடங்குமாறு உருண்டெழுந்தவர், தம்மையறியாமல் குழந்தைபோல் நகைத்தார். பின்னர் மூச்சு வாங்கியபடியே, இதுகாறும் அங்குப் பயின்றோரின் பெயர்களையெல்லாம் எழுதித் தருமாறு கேட்டார்.

ஆறு நாள் அப்பெயர்களை ஏனைய எட்டு மனைகளின் பதினோராண்டு அறிக்கைகளோடு ஒப்பிட்டார். ஏரிக்கரையில் பயின்று சென்றோர் முந்நூற்றுப் பன்னிருவர். ஊறுற்றோர் பட்டியலில் அவர்களுள் மூவரே இருந்தனர், மூவருக்கும் சுளுக்கு மட்டுமே. இறந்தோர் இருபத்தெழுவர், அவர்களுள் ஒருவரும் அம்மரத்தூளை மிதித்தவரல்லர்.

மன்றம் கூடியபோது தலைவர் சினந்தார். "பொய்ப் பலகை மாட்டினவளை விட்டுடச் சொல்றியா?"

"பலகையை இறக்கச் சொல்லுங்க ஐயா, தண்டனையும் குடுங்க. ஆனா கதவைச் சாத்தினா, அடுத்து விழறவங்க வீட்டுக்கு நீங்கதான் போய்ப் பதில் சொல்லணும். நான் போக மாட்டேன்."

அவர் நீட்டிய பெயர்ப்பட்டியலைப் படித்தபின் மன்றம் தீர்ப்புரைத்தது. பலகை இறங்கியது, பொய்ப்பெயர் பூண்டமைக்காக ஓராண்டு தலைமை நீங்கி, தன் மனையிலேயே துணையாளாய்ப் பணிசெய்ய அவள் பணிக்கப்பட்டாள், வீழக் கற்றோர்க்கன்றி எவர்க்கும் காற்றாடை இல்லை என்பது புதிய சட்டமாயிற்று.

அச்சட்டம் நடப்புக்கு வந்த நாளன்று, ஏரிக்கரை மனையின் வாயிலில் நீண்டு நின்ற கூட்டத்தைக் கண்ட அவள், ஆய்வாளரிடம் திரும்பினாள். "யாராவது வந்து ஏன்னு கேப்பீங்கன்னுதான் வருஷா வருஷம் உண்மையை எழுதி அனுப்பினேன். ஒருத்தரும் படிக்கலையா?"

"படிச்சோம்மா," என்றார் ஆய்வாளர். "நானுந்தான் படிச்சேன். நல்லதுதானேன்னு மகிழ்ந்து மடிச்சு வெச்சுட்டேன்."

அவள் தூள் அள்ளும் கூடையை எடுத்துக்கொண்டு உள்ளே சென்றாள். குறை கண்டவிடத்து வினவுதல் எவர்க்கும் எளிது. நிறை கண்டவிடத்தும் நின்று வினவுதலே அரிது. அவ்வினா காலந்தாழ்ந்து வருமாயின், அத்தாழ்வின் துன்பத்தைச் சுமப்போர் வினவ மறந்தோர் அல்லர், வீழ்ந்து போனோரே.