கீழே ஒரு புள்ளி

"பேர் எங்க?"

ஜொஹறா செருப்பைக்கூடக் கழற்றவில்லை. புது வீட்டின் விறாந்தையில் நின்று வாசல் நிலைக்கு மேலே பார்த்தாள். நாளை மறுநாள் நிக்காஹ். அவளுடைய மகன் பைறூஸ்தான் மாப்பிள்ளை.

"'ஜவாஹிர் இல்லம்' எண்டு எழுதப் போறன் மாமி. வாப்பான்ர பேர்," என்றாள் மணப்பெண் ஸஹீலா.

"வாப்பான்ர பேரோ? இருக்கப் போறது என்ர மகனெல்லோ! நீங்கதானே மதரசாவில ஓதிக் குடுக்கிறனீங்கள். அறபில வடிவா ஒரு வசனம் எழுதுங்கோ. வாற சனம் பாத்து மாஷா அல்லாஹ் எண்டு சொல்ல வேணும்." பிறகு பின்வளவை எட்டிப் பார்த்தாள். "அந்தத் தகரக் கொட்டிலையும் கலியாணம் முடிஞ்ச கையோட கழட்டிப் போடுங்கோ. சீ, கண்ணுக்குள்ள குத்துது."

ஜவாஹிர் தலையாட்டினார். அந்தக் கொட்டிலில்தான் அவரும் மனைவியும் இருந்தார்கள். புத்தளத்து அகதி முகாமில் இருந்து சொந்த ஊரான தண்ணீரூற்றுக்குத் திரும்பி வந்து, பற்றைக்காடு வெட்டி மீட்ட வயலை விற்றுத்தான் இந்த வீடு எழும்பியது. பெண்ணைப் பெற்றவன் வீடு குடுக்க வேணும். ஏன் என்று கேட்டால், வழக்கம்.

"கொட்டிலைக் கழட்டினா நீங்க எங்க வாப்பா படுப்பீங்கள்?"

"அல்லாஹ் ஒரு வழி காட்டுவான் மகள். நீ கதைச்சுக் குழப்பிப் போடாத."

ஸஹீலா பச்சைப் பெயின்ற் வாளியை எடுத்தாள்.

அவளுக்கு ஒரு கிறுக்கு இருந்தது. முந்தின காலத்துச் சோனக முஸ்லிம் சனம் தமிழை அறபு எழுத்தில் எழுதிய பழைய பக்கங்களைப் போனில் தேடித் தேடிப் படிப்பாள். அறபியில் 'ப' இல்லை, 'ட' இல்லை, 'ள' இல்லை. அதற்காக அவர்கள் வாயை மூடிக்கொண்டு இருக்கவில்லை. இருக்கிற எழுத்துக்குக் கீழே ஒரு புள்ளியைக் குத்தித் தங்கள் சத்தத்துக்கு எழுத்துச் செய்துகொண்டார்கள். "இவளுக்குப் புள்ளி விசர்," என்று உம்மா சிரிப்பாள்.

கலியாணத்தன்று வந்த சனமெல்லாம் நிமிர்ந்து பார்த்தது. "மாஷா அல்லாஹ், என்ன வடிவான எழுத்து!" ஜொஹறா கதிரை போட்டு ஏறி, எழுத்தை விரலால் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள். ஓதத் தெரிந்தவர்களுக்கும் அதை வாசிக்கத்தான் தெரியவில்லை.

சனம் கலைந்த பிறகு பைறூஸ் வாசலில் நின்று யோசித்தான். கட்டாரில் வேலை செய்தவன், கடைப் பலகையெல்லாம் எழுத்துக் கூட்டி வாசிப்பான்.

"பிழை விட்டிட்டீர் போல. 'ஃபே'க்குப் புள்ளி மேலயெல்லோ வரும்?"

"பிழையில்லை. கீழ வச்சா அது 'ப'. 'தால்' எழுத்துக்குக் கீழ வச்சா 'ட'. அந்த மற்றது 'ள'. இப்ப வாசியுங்கோ."

"மா... ப்... பிள்... ளை..." அவன் சிரித்தான். "அட, தமிழ்! கே... ட்ட... வீ... டு."

சிரிப்பு நின்றது. மாப்பிள்ளை கேட்ட வீடு.

"நான் கேக்கேல்ல," என்றான் மெல்ல. "உம்மாதான் கேட்டவா."

"வேணாமெண்டும் நீங்க சொல்லேல்லயே."

உள்ளே இருந்து ஜொஹறா வந்தாள். "என்ன மகன், ஓதிப் பாக்கிறீங்களோ? என்ன போட்டிருக்கு?"

பைறூஸ் வாசல் நிலையிலிருந்து கண்ணை எடுத்தான். "துஆ உம்மா. வீட்டுக்கு பரக்கத் கேட்டு."

"அல்ஹம்துலில்லாஹ்! சரி, நாளைக்குக் கொட்டில் கழட்ட ஆள் சொல்லட்டோ?"

ஸஹீலா முந்திக்கொண்டாள். "கழட்டுங்கோ மாமி. எனக்கும் வெள்ளிக்கிழமை வேலை கிடக்கு. இந்த எழுத்தை மதரசாப் பிள்ளையளுக்குப் படிப்பிக்கப் போறன். பிறகு ஊரே வாசிக்கும்."

பைறூஸ் அவளைப் பார்த்தான். அவள் கண்ணை எடுக்கவில்லை.

"கொட்டில் கிடக்கட்டும் உம்மா," என்றான்.

"ஏன்ராப்பா?"

"கிடக்கட்டும் எண்டுறன்!"

அன்று இரவு மழை பெய்தது. கட்டின வீட்டின் ஓட்டில் அது சத்தமில்லாமல் வழிந்தது. கட்டினவர் தகரத்துக்குக் கீழே படுத்திருந்தார். ஸஹீலா வென்றது அந்தத் தகரத்தை மட்டும்தான்.